ஒரே லேப்டாப்பில் மூன்று குடித்தனம்

தண்டையார்பேட்டையிலிருந்து ஒரு தம்பி கேட்டிருக்கிறார். பி.சி.ஏ. இரண்டாம் ஆண்டு, இந்தப் பருவத்தில் லினக்ஸ் பாடம். வீட்டுக்கே ஒரு லேப்டாப்தான்: ஐ3 பிராசசர், 8 ஜிபி ரேம், 256 ஜிபி எஸ்எஸ்டி, விண்டோஸ் 11 ஹோம். அதை அழித்துவிட்டு லினக்ஸ் போட வீட்டில் சம்மதமில்லை, அக்கா அதில்தான் வேலைக்கு விண்ணப்பம் போடுகிறார். விண்டோஸுக்குள்ளேயே மென்பொருளாக ஓடும் இன்னொரு கம்ப்யூட்டரில், அதாவது விர்ச்சுவல் மெஷினில், லினக்ஸை ஓட்டினால் இந்த லேப்டாப் தாங்குமா என்பது அவர் கேள்வி. கடைசியில் போகிற போக்கில் இன்னொன்றும் எழுதியிருந்தார். பழைய வண்ணாரப்பேட்டையில் அப்பா நடத்தும் சின்ன அச்சகத்தில் ஒரு விண்டோஸ் எக்ஸ்பி கம்ப்யூட்டர் இருக்கிறது, பக்கம் வடிவமைக்கும் பேஜ்மேக்கர் மென்பொருள் அதில்தான் ஓடுகிறது, சில நாள் காலையில் மூன்று தடவை பட்டனை அழுத்தினால்தான் உயிர் வருகிறது, அதையும் இப்படி லேப்டாப்புக்குள் கொண்டுவர முடியுமா என்று.

தம்பி, இரண்டும் முடியும். ஆனால் நீங்கள் முதலில் கேட்டதற்கு அவசரமில்லை, கடைசி வரியில் எழுதியதற்குத்தான் அவசரம். மூன்று தடவை அழுத்தினால் உயிர் வரும் மெஷின் ஒரு நாள் முப்பது தடவை அழுத்தினாலும் வராது. அதற்குள் இருக்கும் கல்யாணப் பத்திரிகை, கண்ணீர் அஞ்சலி போஸ்டர், கோயில் திருவிழா நோட்டீஸ் எல்லாம் உங்கள் அப்பா வருடக்கணக்கில் உட்கார்ந்து தட்டியவை. ராயபுரம், தண்டையார்பேட்டை, திருவொற்றியூர் பக்கம் கடைகளுக்கு நான் கம்ப்யூட்டர் பார்த்துக்கொடுக்கிறேன். இப்படிப்பட்ட பெட்டிகளைத் திறந்தால் உள்ளே தூசியோடு உப்பும் படிந்திருக்கும். கடற்காற்று இணைப்புக் கால்களைப் பச்சை பிடிக்க வைத்துவிடுகிறது. உங்கள் மெஷினின் குறி பெரும்பாலும் மின்சாரம் கொடுக்கும் எஸ்எம்பிஎஸ் பழுதாகவோ, மதர்போர்டில் கெப்பாசிட்டர் உப்பியதாகவோ இருக்கும். ஆகவே இரண்டையும் விரிவாகச் சொல்கிறேன். லினக்ஸில் கை பழகினால்தான் அப்பாவின் வேலையைத் தைரியமாகத் தொட முடியும், அதனால் அதிலிருந்தே தொடங்குகிறேன்.

விர்ச்சுவல் மெஷினை நம் பக்கத்து ஒண்டிக்குடித்தனம் போல நினைத்துக்கொள்ளுங்கள். வீடு ஒன்று, ஓனர் ஒருவர், உள்ளே இரண்டு மூன்று குடித்தனம். ஒவ்வொரு குடித்தனத்துக்கும் தனிக் கதவு, தனிப் பூட்டு. அடுப்பும் பாத்திரமும் அவரவருடையது. தண்ணீரும் கரண்ட்டும் மட்டும் ஓனர் வழியாகத்தான் வரும். உங்கள் லேப்டாப்பில் விண்டோஸ் 11தான் ஓனர், அதை ஹோஸ்ட் என்பார்கள். உள்ளே குடிவரும் லினக்ஸ் கெஸ்ட். யாருக்கு எவ்வளவு என்று அளந்து விடும் மென்பொருளுக்கு ஹைப்பர்வைசர் என்று பெயர். குடித்தனக்காரர் தன் அறையில் ஆணி அடிக்கலாம், சுவரில் கிறுக்கலாம், தப்பித் தவறி எல்லாவற்றையும் உடைத்தாலும் சேதம் அந்த அறையோடு நிற்கும். உங்கள் வீட்டில் டூயல் பூட், அதாவது விண்டோஸையும் லினக்ஸையும் பக்கத்தில் பக்கத்தில் போட்டு எழுப்பும்போது ஒன்றைத் தேர்ந்தெடுக்கும் முறை, வேண்டாம் என்று நான் சொல்வதும் இதனால்தான். டூயல் பூட்டில் ஒரே எஸ்எஸ்டியைப் பிரிக்க வேண்டும். பார்ட்டிஷன் திரையில் ஒரு தவறான கிளிக் போதும், அக்காவின் சான்றிதழ்கள் போய்விடும். டிஸ்க்கைப் பூட்டிவைக்கும் பிட்லாக்கர் போட்டிருந்தால் அடுத்த தடவை விண்டோஸ் எழும்போது மீட்புச் சாவி கேட்டு நிற்கும், அந்தச் சாவி எங்கே என்று வீட்டில் யாருக்கும் தெரியாது.

இந்த யோசனை பழையது. ஐபிஎம் தன் பெரிய கணினிகளில் 1960களிலேயே இதைச் செய்து பார்த்தது, 1972இல் விஎம்/370 என்ற பெயரில் வாடிக்கையாளருக்கும் கொடுத்தது. நம் மேசைக் கணினிகளின் பிராசசர் மட்டும் இதற்கு ஒத்துழைக்கவில்லை. கெஸ்ட் சிஸ்டம் தனக்கு அதிகாரமில்லாத ஒரு கட்டளையை இட்டால் பிராசசர் அதைப் பிடித்து நிறுத்தி ஹைப்பர்வைசரிடம் ஒப்படைக்க வேண்டும். இன்டெல், ஏஎம்டி செய்யும் எக்ஸ்86 வகைப் பழைய பிராசசர்களில் சில கட்டளைகள் அப்படிச் சிக்காமல் நழுவிவிடும். 1999இல் விஎம்வேர் அந்தக் கட்டளைகளை ஓடும்போதே மொழிமாற்றிச் சமாளித்தது. பிறகு 2005 இறுதியில் இன்டெல்லும் 2006இல் ஏஎம்டியும் பிராசசருக்குள்ளேயே இந்த வசதியை வைத்துவிட்டன. கம்ப்யூட்டர் எழும்போது முதலில் ஓடும் பயாஸ் செட்டிங்கில் நீங்கள் ஆன் செய்யப்போவது அதைத்தான்.

அது ஏற்கெனவே ஆன் ஆகியிருக்கிறதா என்று பார்க்க பயாஸுக்குள் போக வேண்டாம். டாஸ்க் மேனேஜரைத் திறந்து பெர்ஃபார்மன்ஸ் பகுதியில் சிபியுவைத் தட்டினால் கீழே விர்ச்சுவலைசேஷன் என்ற வரி இருக்கும். எனேபிள்டு என்றிருந்தால் சரி. டிசேபிள்டு என்றால்தான் பயாஸுக்குள் போய் இன்டெல் விர்ச்சுவலைசேஷன் டெக்னாலஜி என்பதை ஆன் செய்ய வேண்டும். ஏஎம்டி மெஷின்களில் அதே வசதி எஸ்விஎம் மோட் என்ற பெயரில் இருக்கும்.

ஹைப்பர்வைசராக எதைப் போடுவது? விண்டோஸோடு வரும் ஹைப்பர்-வி, ஹோம் பதிப்பில் கிடையாது. மிச்சம் விர்ச்சுவல்பாக்ஸும் விஎம்வேர் வொர்க்ஸ்டேஷனும். விஎம்வேர் 2024 நவம்பரிலிருந்து வணிகத்துக்கும் இலவசம், கிராபிக்ஸும் அதில் சற்று நன்றாக ஓடும். இருந்தாலும் உங்களுக்கு நான் விர்ச்சுவல்பாக்ஸையே சொல்வேன். 2007இல் ஒரு ஜெர்மன் கம்பெனி வெளியிட்டு, சன் மைக்ரோசிஸ்டம்ஸ் வழியாக 2010இல் ஆரக்கிள் கைக்கு வந்த மென்பொருள் இது. அடிப்படைத் தொகுப்பு கட்டற்ற மென்பொருள். பழைய சிஸ்டங்களைத் தூக்கி நிறுத்துவதில் இதற்கு இருக்கும் நெளிவுசுளிவு உங்கள் அப்பாவின் எக்ஸ்பிக்குத் தேவைப்படும். ஒன்றில் மட்டும் கவனம். எக்ஸ்டென்ஷன் பேக் என்று தனியாக ஒரு கோப்பு இருக்கும், அது சொந்த உபயோகத்துக்கும் படிப்புக்கும்தான் இலவசம். அச்சகம் வியாபாரம் என்பதால் அதை இறக்கவே வேண்டாம். முன்பு யூஎஸ்பி 2, 3 வேகத்துக்காக அதைப் போட்டாக வேண்டியிருந்தது, 7ஆம் பதிப்பிலிருந்து அவை அடிப்படைத் தொகுப்பிலேயே வந்துவிட்டன.

இனி ரேம். பலரும் இங்கேதான் சறுக்குகிறார்கள். 8 ஜிபி இருக்கிறதே என்று 6 ஜிபியைக் கெஸ்ட்டுக்குக் கொடுத்துவிடுவார்கள். தொட்டியில் இருக்கும் தண்ணீரை எல்லாம் குடித்தனக்காரருக்கே விட்டுவிட்டால் ஓனர் வீட்டுக் குழாயில் காற்றுதான் வரும். பிறகு பம்ப் போடக்கூட ஓனருக்குத் தெம்பிருக்காது, எல்லாக் குடித்தனமும் காய வேண்டியதுதான். விண்டோஸ் 11 சும்மா இருக்கும்போதே மூன்று ஜிபிக்கு மேல் பிடித்துக்கொள்கிறது. உங்கள் லேப்டாப்பில் லினக்ஸுக்கு 3 ஜிபி கொடுங்கள். லினக்ஸ் ஓடும்போது ஹோஸ்டில் குரோமை மூடிவிடுங்கள், எந்த செட்டிங்கும் தராத வேகத்தை அந்த ஒரு பழக்கம் தரும். சிபியு இரண்டு போதும். பின்னாளில் கையில் காசு வந்தால் முதலில் ரேமை 16 ஜிபி ஆக்குங்கள். வாங்கும் முன் லேப்டாப்பில் காலி ஸ்லாட் இருக்கிறதா, ரேம் போர்டிலேயே பற்றவைத்ததா என்று பார்த்துக்கொள்ள வேண்டும். ரிச்சி தெருவில் கடைக்காரர் மாடல் எண்ணைத்தான் முதலில் கேட்பார்.

3 ஜிபியில் நன்றாக ஓடக்கூடிய லினக்ஸ் எது என்றால், லினக்ஸ் மின்ட்டின் எக்ஸ்எஃப்சிஇ பதிப்பு. உபுண்டுவின் வழக்கமான டெஸ்க்டாப் இந்த அளவில் மூச்சு வாங்கும். மின்ட்டின் இன்ஸ்டால் கோப்பான ஐஎஸ்ஓ சுமார் 3 ஜிபி, உபுண்டு 24.04 அதைப் போல இரண்டு மடங்கு. தினமும் இவ்வளவுதான் என்று அளந்து கொடுக்கும் மொபைல் டேட்டாவில் இதை இறக்குவது கஷ்டம், கல்லூரி லேபிலோ ஃபைபர் இருக்கும் நண்பர் வீட்டிலோ இறக்கிக்கொள்ளுங்கள். இறக்கியதும் அந்தத் தளத்திலேயே கொடுத்திருக்கும் எஸ்எச்ஏ-256 எண்ணோடு, கோப்பு முழுமையாக வந்ததா என்று ஒப்பிட்டுப் பார்க்க வேண்டும். பாதியில் அறுந்த ஐஎஸ்ஓவை வைத்துக்கொண்டு இன்ஸ்டால் நிற்கிறதே என்று ஒரு ராத்திரி முழுக்க முழித்திருந்த பையன்களைப் பார்த்திருக்கிறேன்.

டிஸ்க்குக்கு 25 ஜிபி கொடுங்கள், டைனமிக் என்ற வகையில். அதாவது 25 ஜிபி வரை வளரலாம் என்று அனுமதி மட்டும், உள்ளே எழுத எழுதத்தான் கோப்பு பெரிதாகும். உள்ளே அழித்தால் வெளியே தானாகச் சுருங்காது என்பதை நினைவில் வையுங்கள். இன்ஸ்டாலர் ஓடும்போது டிஸ்க் முழுவதையும் அழிக்கவா என்று ஒரு கேள்வி வரும், அதைப் பார்த்துப் பயந்து நிறுத்துபவர்கள் உண்டு. அது சொல்வது அந்த 25 ஜிபி கோப்பை மட்டும்தான், குடித்தனத்துக்குத் தெரிந்த டிஸ்க் அது ஒன்றே. தைரியமாக ஆம் என்று சொல்லலாம்.

இன்ஸ்டால் முடிந்ததும் திரை ஒரு சின்னக் கட்டமாக நிற்கும். மெனுவிலிருந்து விர்ச்சுவல்பாக்ஸின் துணைத் தொகுப்பான கெஸ்ட் அடிஷன்ஸை ஏற்றினால் ஜன்னலை இழுக்கும் அளவுக்குத் திரை விரியும், இங்கே காப்பி செய்ததை அங்கே ஒட்டலாம், ஹோஸ்டின் ஒரு ஃபோல்டரை உள்ளேயும் காட்டலாம். அந்த ஷேர்டு ஃபோல்டரைத் திறக்க அனுமதி இல்லை என்று லினக்ஸ் சொன்னால் உங்கள் பயனர் பெயரை விபாக்ஸ்எஸ்எஃப் என்ற குழுவில் சேர்த்து ஒருமுறை வெளியேறி வாருங்கள். மவுஸ் உள்ளே மாட்டிக்கொண்டால் வலது பக்கக் கன்ட்ரோல் விசை விடுவிக்கும்.

தமிழ்த் தட்டச்சு பற்றி நீங்கள் கேட்கவில்லை, ஆனால் கேட்கத்தான் போகிறீர்கள். ஹோஸ்டில் தமிழ்99 வைத்திருந்தாலும் கெஸ்ட்டில் அது வேலை செய்யாது. விர்ச்சுவல்பாக்ஸ் எழுத்தை அனுப்புவதில்லை, எந்த விசை அழுந்தியது என்பதை மட்டும்தான் அனுப்புகிறது. அது எந்த எழுத்து என்று தீர்மானிப்பது கெஸ்ட். ஆகவே மின்ட்டுக்குள் ஐபஸ் என்ற உள்ளீட்டு முறையையும் அதற்கான எம்17என் தொகுப்பையும் போட்டு, தமிழ்99ஐ அங்கே தனியாகத் தேர்ந்தெடுக்க வேண்டும். 1999இல் தமிழக அரசு தரப்படுத்திய விசைப்பலகை அது. பழகிவிட்டால் உங்கள் விரல் அதை விட்டு வராது.

ஜன்னலின் கீழ்ப்பட்டையில் பச்சை நிறத்தில் ஓர் ஆமை தெரிந்தால் பதற வேண்டாம். விண்டோஸ் தன் சொந்த ஹைப்பர்வைசரை முன்பே ஓடவிட்டிருக்கிறது, விர்ச்சுவல்பாக்ஸ் அதன் முதுகில் ஏறித்தான் ஓடுகிறது, வேகம் குறையும் என்று பொருள். விண்டோஸ் 11இல் மெமரி இன்டெக்ரிட்டி என்ற பாதுகாப்பு ஆன் ஆகியிருப்பதுதான் வழக்கமான காரணம். அதை அணைத்தால் வேகம் கூடும் என்று எல்லோரும் சொல்வார்கள், உண்மைதான். ஆனால் அதே லேப்டாப்பில் அக்கா ஆதார் எண்ணையும் வங்கிக் கணக்கையும் தட்டுகிறார். என்னைக் கேட்டால், பாடத்துக்கான வேலை நகர்கிற வரை ஆமை இருந்துவிட்டுப் போகட்டும். நகரவே இல்லை என்றால் மட்டும் அணைப்பதைப் பற்றி வீட்டில் பேசி முடிவெடுங்கள்.

இன்னொன்று. உங்கள் பாடத்தில் வெறும் டெர்மினல் கட்டளைகளும் ஷெல் ஸ்கிரிப்ட்டும்தான் என்றால் விண்டோஸிலேயே லினக்ஸ் கட்டளைகளை ஓட்டும் டபிள்யூஎஸ்எல் வசதி போதும், அது ஹோம் பதிப்பிலும் வரும். முழு டெஸ்க்டாப், இன்ஸ்டால் செய்யும் அனுபவம், பார்ட்டிஷன், பயனர் நிர்வாகம் எல்லாம் பாடத்தில் இருந்தால்தான் விர்ச்சுவல் மெஷின். நான் டெஸ்க்டாப்பையே போடச் சொல்கிறேன், ஏனென்றால் உடைத்துப் பார்க்க ஓர் இடம் மாணவருக்கு அவசியம் வேண்டும். மெஷினின் அப்போதைய நிலையைக் குறித்துவைக்கும் ஸ்னாப்ஷாட் ஒன்று எடுத்துவிட்டு, ரூட் எனும் முழு அதிகாரத்தோடு என்ன வேண்டுமானாலும் செய்யுங்கள். கெட்டுப்போனால் ஒரு நிமிடத்தில் பழைய நிலைக்குத் திரும்பலாம். எங்கள் காலத்தில் இந்த வசதி கிடைக்காமல் கல்லூரிக் கம்ப்யூட்டரைத் தொடவே பயந்து படித்து முடித்தோம்.

சரி, இப்போது அப்பாவின் மெஷின்.

முதலில், அந்த மெஷினை ஏன் இன்னும் விடவில்லை என்று அப்பாவிடம் கோபித்துக்கொள்ளாதீர்கள். காரணம் பேஜ்மேக்கரில் இருக்கிறது. 2001இல் வந்த 7ஆம் பதிப்போடு அதன் வளர்ச்சி நின்றுவிட்டது, அடோபி இன்டிசைனுக்குப் போய்விட்டது. பேஜ்மேக்கருக்கு யூனிகோடு தெரியாது. யூனிகோடில் 1991இலேயே தமிழுக்கு இடம் கிடைத்துவிட்டாலும், நம் அச்சகங்கள் ஆங்கில எழுத்துகளின் இடத்தில் தமிழ் உருவத்தை உட்காரவைத்த பழைய எழுத்துருக்களில்தான் வேலை செய்தன. ஒவ்வொரு எழுத்துரு நிறுவனத்துக்கும் ஒரு தனி வரிசை. அந்தக் கோப்பைப் புது மெஷினில் திறந்தால் மணமகன் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் ஆங்கில எழுத்தும் குறியுமாகக் கொட்டிக்கிடக்கும். எழுத்துரு, மென்பொருள், சிஸ்டம் மூன்றும் சேர்ந்திருந்தால்தான் அது தமிழ். வடிவுடையம்மன் கோயில் மாசித் திருவிழா நோட்டீஸைப் போன வருடக் கோப்பிலிருந்து எடுத்துத் தேதியை மட்டும் மாற்றி அடிக்கும் வசதி அப்பாவுக்கு அந்த மெஷினில்தான் கிடைக்கிறது. ஆகவே கோப்புகளை மட்டும் பென்டிரைவில் எடுத்தால் பாதி வேலைதான் ஆகும், மெஷினையே அப்படியே தூக்கிவர வேண்டும்.

தூக்கிவர வழி, டிஸ்க்கின் ஒவ்வொரு பிட்டையும் ஒரு கோப்பாக நகலெடுப்பது. அதற்கு முன், எக்ஸ்பி இன்னும் ஓடும்போதே ஒரு காரியம் செய்துவிட வேண்டும். எக்ஸ்பி தான் இன்ஸ்டால் ஆன மதர்போர்டின் டிஸ்க் கன்ட்ரோலரை மட்டும்தான் நினைவில் வைத்திருக்கும். அதை அப்படியே விர்ச்சுவல்பாக்ஸில் ஏற்றினால் பாதியில் நீலத் திரை வரும், 7பி என்று முடியும் பிழை எண்ணோடு. டிஸ்க்கைக் காணோம் என்று எக்ஸ்பி சொல்லும் முறை அது. இதைத் தவிர்க்க மெர்ஜ்ஐடிஇ என்ற சின்னத் திருத்தம் இருக்கிறது, பழைய டிஸ்க் இணைப்பான ஐடிஇக்குரிய பொதுவான டிரைவர்கள் எல்லாவற்றையும் விண்டோஸின் செட்டிங் குறிப்பேடான ரெஜிஸ்ட்ரியில் பதிந்துவைக்கும். பென்டிரைவில் கொண்டுபோய் ஓட்டிவிட்டு முறையாக ஷட்டவுன் செய்யுங்கள். மெஷின் அதற்குள் செத்துவிட்டால் பிறகு வெளியிலிருந்து ரெஜிஸ்ட்ரியைத் திருத்துவது கஷ்டமான வேலை. அதனால்தான் அவசரம் என்றேன்.

பிறகு டிஸ்க்கைக் கழற்றி, ஐடிஇயை யூஎஸ்பியாக மாற்றும் அடாப்டரில் மாட்டுங்கள். பெரிய டிஸ்க்குக்கு யூஎஸ்பியின் மின்சாரம் போதாது, தனி பவர் அடாப்டரோடு வருவதைக் கேட்டு வாங்க வேண்டும். மின்ட் ஐஎஸ்ஓவை ஏற்றிய பென்டிரைவிலிருந்து லேப்டாப்பை லைவாக, அதாவது எதையும் இன்ஸ்டால் செய்யாமல், எழுப்புங்கள். இந்த ஒரு வேலைக்கு மட்டும் விர்ச்சுவல் மெஷின் வேண்டாம், நடுவில் ஒரு அடுக்கு கூடினால் வேகமும் நம்பிக்கையும் குறையும். லைவ் சிஸ்டத்தில் இன்ஸ்டால் பொத்தானைத் தொடவே கூடாது. நகலெடுக்க ஜிடிடிரெஸ்க்யூ தொகுப்பைப் போடுங்கள். லினக்ஸின் சாதாரண நகல் கட்டளையான டிடி, டிஸ்க்கில் கெட்டுப்போன செக்டாரில் முட்டி நின்றுவிடும். இது அதைத் தாண்டிப் போய் நல்லதை எல்லாம் முதலில் எடுத்துவிட்டு, பிறகு திரும்பிவந்து கெட்டதை மறுபடி மறுபடி முயலும். எங்கே நிறுத்தினோம் என்று ஒரு கோப்பில் குறித்தும் வைத்துக்கொள்ளும், கரண்ட் போனாலும் விட்ட இடத்திலிருந்து தொடரலாம்.

நகல் போய் விழும் எக்ஸ்டர்னல் டிஸ்க் என்டிஎஃப்எஸ் ஆகவோ எக்ஸ்ஃபேட் ஆகவோ இருக்க வேண்டும். ஃபேட்32 என்றால் 4 ஜிபி தாண்டியதும் கோப்பு நின்றுவிடும். எது மூலம், எது இலக்கு என்பதை டிஸ்க்குகளைப் பட்டியலிடும் எல்எஸ்பிஎல்கே கட்டளையில் டிஸ்க்கின் அளவை வைத்து இரண்டு முறை சரிபாருங்கள், தனியாகப் பார்க்காமல் பக்கத்தில் ஒருவரையும் வைத்துக்கொண்டு சத்தமாகப் படியுங்கள். இரண்டும் இடம் மாறினால் அப்பாவின் டிஸ்க் மேல் வெறுமையை எழுதிவிடுவீர்கள். அதைத் திரும்பப் பெற யாராலும் முடியாது.

நகல் கையில் வந்ததும் விர்ச்சுவல்பாக்ஸோடு வரும் விபாக்ஸ்மேனேஜ் கட்டளையில் கன்வர்ட்ஃப்ரம்ரா என்பதைக் கொண்டு அதை விர்ச்சுவல்பாக்ஸின் டிஸ்க் கோப்பான விடிஐ வடிவத்துக்கு மாற்றுங்கள். மூல நகலை அழிக்காதீர்கள். புதிய மெஷின் உருவாக்கும்போது விண்டோஸ் எக்ஸ்பி 32-பிட் என்று தேர்ந்தெடுத்து ரேம் 1 ஜிபி, சிபியு ஒன்று கொடுத்தால் போதும். எக்ஸ்பிக்கு அது அரண்மனை. டிஸ்க்கை சாட்டா கன்ட்ரோலரில் மாட்டாமல் பிஐஐஎக்ஸ்4 என்ற ஐடிஇ கன்ட்ரோலரில் மாட்டுங்கள், எக்ஸ்பியிடம் சாட்டாவுக்கான டிரைவர் கிடையாது. கறுப்புத் திரையிலேயே நின்றுவிட்டால் சிஸ்டம் செட்டிங்கில் ஐஓ ஏபிக் என்ற டிக்கை மாற்றிப் பாருங்கள். பழைய மெஷின் எந்த வகையில் இன்ஸ்டால் ஆனதோ அதற்கு ஏற்றபடி இரண்டில் ஒன்று ஒத்துவரும்.

எழுந்ததும் முதல் வேலை, அந்தக் குடித்தனத்தின் நெட்வொர்க் கேபிளைப் பிடுங்குவது. செட்டிங்கில் நெட்வொர்க் அடாப்டரை அணைத்துவிட வேண்டும். எக்ஸ்பிக்கு மைக்ரோசாஃப்டின் ஆதரவு 2014 ஏப்ரல் 8ஆம் தேதியோடு முடிந்துவிட்டது. அதற்குப் பிறகு கண்டுபிடித்த ஓட்டைகள் பெரும்பாலும் திறந்தேதான் கிடக்கின்றன. பத்திரிகை அடிக்க இன்டர்நெட் எதற்கு? கோப்பு போகவர ஷேர்டு ஃபோல்டர் போதும். பிரிண்டும் அப்படியே. புது பிரிண்டருக்கு எக்ஸ்பி டிரைவரைத் தேடி அலைய வேண்டாம். பேஜ்மேக்கரிலிருந்து அச்சுக்கான போஸ்ட்ஸ்கிரிப்ட் கோப்பாக எழுதி ஷேர்டு ஃபோல்டரில் போட்டு, ஹோஸ்டில் கோஸ்ட்ஸ்கிரிப்ட் மென்பொருள் வழியாகப் பிடிஎஃப் ஆக்கிவிடுங்கள். ஆஃப்செட்டுக்குப் பிளேட் போடும் இடத்தில் அந்தப் பிடிஎஃப்பையே கேட்பார்கள்.

இரண்டு இடத்தில் வண்டி நிற்கலாம், முன்பே சொல்லிவிடுகிறேன். ஒன்று ஆக்டிவேஷன். மதர்போர்டு மாறிவிட்டது என்று நினைத்து எக்ஸ்பி மறுபடி ஆக்டிவேட் செய்யச் சொல்லும், கெடு முடிந்தால் உள்ளே விடாது. அந்தப் பெட்டியோடு விற்ற ஓஇஎம் லைசென்ஸ் என்றால் சட்டப்படி அது அந்தப் பெட்டிக்கு மட்டும்தான். தனியாக வாங்கிய ரீடெய்ல் பதிப்பு என்றால் மாற்றிக்கொள்ளலாம். பழைய பில், சிடி, பெட்டியில் ஒட்டியிருக்கும் ஸ்டிக்கர் எல்லாவற்றையும் தேடி எடுங்கள். எப்படியானாலும், கோப்புகளும் எழுத்துருக்களும் போகாது. 7-ஜிப் அந்த நகலை நேரடியாகவே திறக்கும், எக்ஸ்பி எழாவிட்டாலும் உள்ளே இருப்பதை எடுத்துவிடலாம். இன்னொன்று டாங்கிள். தமிழ் எழுத்துரு மென்பொருள்கள் சில, பூட்டு போல ஒரு சின்னக் கட்டையை மாட்டினால்தான் ஓடும். யூஎஸ்பி டாங்கிள் என்றால் விர்ச்சுவல்பாக்ஸின் யூஎஸ்பி ஃபில்டரில் சேர்த்தால் உள்ளே தெரியும். பிரிண்டர் போர்ட்டில் மாட்டும் பழைய அகலமான டாங்கிள் என்றால் நான் அதை நம்பி இறங்கமாட்டேன். அந்த நிலையில் பழைய மெஷினுக்கு எஸ்எம்பிஎஸ் மாற்றி ஓடவிட்டுக்கொண்டே, முக்கியமான கோப்புகளை அந்த எழுத்துருவுக்கான மாற்றியைக் கொண்டு யூனிகோடாக்கத் தொடங்குவதுதான் வழி. இதைப் பார்க்காமல் அடாப்டர் வாங்கக் கிளம்பிவிடாதீர்கள், பெட்டியின் பின்பக்கத்தை முதலில் பாருங்கள்.

எல்லாம் ஓடத் தொடங்கிய பிறகும் ஒரு தவறு காத்திருக்கும், நானே செய்த தவறு. ஒரு வாடிக்கையாளரின் விர்ச்சுவல் மெஷினில் வாரம் ஒரு ஸ்னாப்ஷாட் எடுத்து, பேக்கப் இருக்கிறது என்று நிம்மதியாக இருந்தேன். இடம் போதாமல் போனபோது பழைய தேதியிட்ட பெரிய கோப்பு ஒன்றை வேண்டாதது என்று அழித்துவிட்டேன். அதுதான் மூல டிஸ்க். ஸ்னாப்ஷாட் என்பது அதன் பிறகு மாறியதை மட்டும் எழுதும் ஒட்டுத்தாள். அடித்தாள் போய்விட்டால் ஒட்டுத்தாளில் இருப்பதை வைத்து எதையும் படிக்க முடியாது. அவரிடம் நான் சொன்ன பதிலும் அவர் முகமும் இன்றும் நினைவிருக்கிறது. ஆகவே அப்பாவின் எக்ஸ்பியில் ஸ்னாப்ஷாட்டை அடுக்காதீர்கள். மெஷினை முழுதாக ஷட்டவுன் செய்துவிட்டு அந்த ஃபோல்டரை அப்படியே இன்னொரு டிஸ்க்கில் காப்பி செய்யுங்கள், மாதம் ஒரு முறை போதும். ஜன்னலை மூடும்போது, ஓடும் நிலையிலேயே நிறுத்திவைக்கும் சேவ் ஸ்டேட் வேண்டுமா என்று கேட்பதும் தினசரிக்கு நல்லதுதான், காப்பி எடுக்கும் நாளில் மட்டும் வேண்டாம்.

அந்த டிஸ்க் அச்சகத்தில் இருக்கக் கூடாது, வீட்டில் இருக்கட்டும், உயரமான இடத்தில். 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் மழையின்போது வடசென்னையில் தண்ணீர் ஏறிய அளவு உங்களுக்கே தெரியும். புளியந்தோப்பில் ஒரு கடையில் தரையில் வைத்திருந்த மூன்று சிபியு பெட்டிகளும் மூழ்கின. வடிந்த பிறகு நான் போனபோது சேறு காய்ந்து உள்ளே ஓடு கட்டியிருந்தது. அவர்களுடைய கணக்கு முழுவதும் அதில்தான் இருந்தது. உங்கள் அப்பாவின் மெஷின் இப்போது ஒரு கோப்பு. சட்டைப்பையில் போட்டுக்கொண்டு மாடி ஏறிவிடலாம் என்பதுதான் இந்தத் தொழில்நுட்பத்தில் எனக்கு மிகவும் பிடித்த விஷயம்.

இடக் கணக்கைப் பார்த்துவிடுவோம். பழைய டிஸ்க் 80 ஜிபி என்றாலும் பெரும்பாலும் காலியாக இருக்கும், டைனமிக் விடிஐ ஆக்கும்போது பூஜ்யமாக இருக்கும் பகுதி சுருங்கிவிடும், முன்பு எழுதி அழித்த பகுதி சுருங்காது. 256 ஜிபி எஸ்எஸ்டியில் விண்டோஸ், மின்ட், எக்ஸ்பி மூன்றும் நெருக்கிக்கொண்டு இருக்கலாம். மின்ட்டையும் எக்ஸ்பியையும் ஒரே நேரத்தில் ஓடவிடாதீர்கள், அவ்வளவுதான். அப்பாவுக்குத் தினமும் அச்சகத்தில் மெஷின் வேண்டும் என்பதால் லேப்டாப்பை அவரோடு பகிர முடியாது என்பீர்கள். சரிதான். செகண்ட்ஹேண்ட் கடையில் விண்டோஸ் 10, 11 ஓடும் ஒரு சாதாரண டெஸ்க்டாப் வாங்கி, இதே விடிஐயை அதில் ஏற்றிவிடுங்கள். எந்த மெஷினில் ஏற்றினாலும் எக்ஸ்பிக்குத் தெரிவது அதே விர்ச்சுவல் மதர்போர்டுதான், மறுபடி டிரைவர் தொல்லை வராது. எக்ஸ்86 பிராசசராக மட்டும் இருக்க வேண்டும். 2020 இறுதியிலிருந்து வரும் எம் வரிசை மேக், ஸ்னாப்டிராகன் லேப்டாப் எல்லாம் ஏஆர்எம் வகை, அவற்றில் எக்ஸ்பியை ஒவ்வொரு கட்டளையாக மொழிமாற்றித்தான் ஓட்ட முடியும், நத்தை வேகத்தில்.

வேலையை ஞாயிற்றுக்கிழமை காலையில் வைத்துக்கொள்ளுங்கள், முகூர்த்த மாதமாக இருந்தால் அப்பாவிடம் கேட்டு ஆர்டர் இல்லாத நாளாகப் பாருங்கள். நகலெடுக்க நாலைந்து மணி நேரம்கூட ஆகலாம், டிஸ்க் வாடியிருந்தால் இன்னும் கூடும், அதுவரை அதைத் தொடாமல் மேசையில் மட்டமாக வைத்து ஒரு ஃபேனைத் திருப்பி விடுங்கள். டிஸ்க்கைக் கழற்றும் முன் பட்டைக் கேபிள் எந்தப் பக்கம் சிவப்புக் கோடு வைத்து மாட்டியிருந்தது, பின்னால் ஜம்பர் எந்தக் காலில் இருந்தது என்று போனில் இரண்டு போட்டோ எடுத்துக்கொள்ளுங்கள். திங்கட்கிழமை காலையில் அப்பா கடை திறக்கும்போது அந்தப் பழைய பெட்டியும் முன்பு போலவே எழ வேண்டும்.